சாப்பாட்டுப் பெட்டிக்கு ஒரு கையெழுத்து

பினாலுவான் ஊர் தன் மலைச்சுனையைக் கொடுத்தது ஒரு பொரித்த கோழித்தொடைக்கும் ஒரு கிண்ணம் சோற்றுக்கும்தான். நீர்க் கொள்கை ஆணையத்தின் கோப்பில் அப்படி எழுதவில்லை. அங்கே "நானூற்றுப் பன்னிரண்டு பேர் முழுமனதோடு சம்மதம்" என்று இருக்கிறது. இரண்டும் ஒன்றுதான் என்று ஆணையம் சொல்லும். அதைச் சொல்வதற்காகத்தான் நாலு மாடியில் ஒரு கட்டடம் கட்டி அதற்கு ஆணையம் என்று பெயர் வைத்திருக்கிறார்கள்.

அந்தக் கோழித்தொடையை நீட்டிய கை எடித்தா மக்பானுவாவின் கை. அப்போது அவளுக்கு இருபத்தாறு வயது. ஆற்றையும் காட்டையும் காப்பாற்றுகிற சட்டமாகப் பார்த்துப் படித்து, வக்கீல் பரீட்சை தேறி, ஆணையத்தில் வேலைக்குச் சேர்ந்து ஏழாவது நாள். பரீட்சை தேறியவளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டால் மரியாதையில்லை. தெருமுனையில் பன்றிக்கறி சுடுகிறவன்கூட "அட்டர்னி, ரெண்டு குச்சியா மூணா?" என்றுதான் கேட்பான். எடித்தாவுக்கு அது கூச்சமாகவும் இருந்தது, பிடித்தும் இருந்தது.

பினாலுவானில் மக்கள் கருத்துக் கேட்பு, கூரை போட்ட கூடைப்பந்து மைதானத்தில் நடந்தது. டைரக்டர் ஒனோஃப்ரே தெலோசாவின் முகம் போட்ட பதாகை ஒன்று கட்டியிருந்தார்கள். அதன் மூலையில் சுனை தெரிந்தது, அவருடைய காதளவுக்கு. முதலில் ஜெபம். பிறகு தேசிய கீதம். பிறகு பள்ளிக்கூடப் பெண்பிள்ளைகள் ஆட்டம். பிறகு வந்திருக்கும் பெரிய மனிதர்களை ஒவ்வொருவராக எழுப்பிக் கைதட்ட வைத்தார்கள், அது ஒன்றே கால் மணி நேரம். தண்ணீரைப் போத்தலில் அடைக்கிற கம்பெனிக்குச் சுனையைக் கொடுக்கிற விஷயம் நாலு நிமிஷம். கேள்வி கேட்கும் நேரம் வந்தபோது சாப்பாடு ஆறிக்கொண்டிருந்தது. ஆறின சாப்பாட்டை விருந்தாளிக்குக் கொடுப்பது பாவம் என்று டைரக்டரே சொல்லி, கேள்விகளை ரத்து செய்தார்.

சாப்பாட்டு மேசையில் எடித்தா வருகைத் தாளோடு நின்றாள். கையெழுத்துப் போட்டவருக்குப் பெட்டி. ஊரின் தண்ணீர்க் கமிட்டித் தலைவி பசியாங் வரிசையில் வந்தாள், வயதில் மூத்தவள் என்பதால் எல்லாருக்கும் 'ஆலிங்', அதாவது அக்கா. கணுக்கால்வரை சேறு காய்ந்த, வாய் பெரிதான பொம்பளை. சுனைக்குக் கீழே அவளுடைய நெல்வயலும் கீரைப்பாத்தியும் இருந்தன.

"இது எதுக்கு அட்டர்னி கையெழுத்து?"

"சும்மா வருகைக்குத்தான் ஆலிங். எத்தனை பேர் வந்தாங்கன்னு காட்டணும்ல."

"மேல ஒண்ணும் எழுதலியே?"

"தலைப்பு அப்புறம் எழுதிக்குவாங்க."

"எம் புருசனுக்கும் ஒரு பெட்டி வேணும். அவன் வயல்ல கெடக்கான்."

"அவருக்கும் நீங்களே போட்டுடுங்க."

பசியாங் இரண்டு கையெழுத்துப் போட்டு இரண்டு பெட்டி வாங்கிக்கொண்டு, "நல்ல பொண்ணு" என்று எடித்தாவின் கன்னத்தில் தட்டிவிட்டுப் போனாள்.

இரண்டு வாரம் கழித்துக் கோப்பு அவள் மேசைக்கு வந்தது. அதே தாள்கள். அதே கோழி எண்ணெய்க் கறை. மேலே மட்டும் புதிதாக ஒரு தாள் வைத்துக் குத்தியிருந்தார்கள்: "கீழே கையெழுத்திட்டுள்ள நாங்கள், சுனையின் நீர் உரிமையைக் கம்பெனிக்கு வழங்க முழுமனதோடு சம்மதிக்கிறோம்."

எடித்தா நாலாவது மாடியிலிருந்த டைரக்டர் அறைக்கு ஓடினாள்.

"டைரக்டர், இது வருகைத் தாள். சம்மதத் தாள் இல்ல."

"உக்காருங்க அட்டர்னி. காபி? சரி, சொல்லுங்க. அவங்க வந்தாங்களா?"

"வந்தாங்க."

"சாப்பிட்டாங்களா?"

"சாப்பிட்டாங்க."

"யாராவது கோழியைத் துப்புனாங்களா?"

"இல்ல, ஆனா..."

"அப்புறம் என்னம்மா சம்மதம்னா? எங்க கல்யாணத்துல எம் பொண்டாட்டி இதைவிடக் குறைச்சலாத்தான் சம்மதிச்சா. முப்பது வருசமா சந்தோசமாத்தான் இருக்கேன்."

ஆட்சேபத்தை எழுத்தில் கொடுத்தாள். ஆணையம் அதைப் பெருந்தன்மையோடு ஏற்றுக்கொண்டது. மறு திங்கட்கிழமை கொடியேற்றத்தில் எல்லார் முன்னாலும் அவளுக்குக் கண்ணாடிச் சட்டம் போட்ட பாராட்டுச் சான்றிதழ் கொடுத்தார்கள். வருகைத் தாள்களின் குழப்பத்தைத் தீர்க்க "வருகைத் தெளிவுக் குழு" என்று ஒன்றும் அமைத்தார்கள். முதல் கூட்டத்துக்கு எடித்தா போனாள், ஒரு தாள் சுற்றி வந்தது, கையெழுத்துப் போட்டாள். நூடுல்ஸ் கொடுத்தார்கள். மறுநாள் பார்த்தால், தன்னுடைய ஆட்சேபத்தைத் தானே திரும்பப் பெற்றுக்கொள்ளச் சம்மதித்திருந்தாள்.

இரண்டாவது கூட்டத்தில் அவள் கையெழுத்துப் போடவில்லை. எழுந்து நின்று முக்கால் மணி நேரம் பேசினாள், தொண்டை கட்டும்வரை. கூட்டக் குறிப்பைப் பிறகு வாங்கிப் பார்த்தாள். "வக்கீல் மக்பானுவா வரவில்லை. ஏசி இயந்திரம் முக்கால் மணி நேரம் சத்தம் போட்டது. பழுது பார்க்கத் தீர்மானிக்கப்பட்டது." ஏசியை உண்மையிலேயே பழுது பார்த்தார்கள். ஆணையம் எடுத்த தீர்மானங்களில் நிறைவேறியது அது ஒன்றுதான்.

அப்புறம் அவளுடைய உத்தியோகம், சாரத்திலிருந்து ஒவ்வொரு பலகையாக இறக்கிவிடுகிற மாதிரி இறங்கியது. நாலாவது மாடியிலிருந்து மூன்றாவது மாடிக்கு, நகல் எடுக்கிற மெஷின் பக்கத்தில். அங்கிருந்து முதல் மாடிப் படிக்கட்டுக்கு அடியில். ஒவ்வொரு இறக்கத்துக்கும், நடுவில் ஒவ்வொரு ஆட்சேபத்துக்கும் ஒரு பாராட்டுச் சான்றிதழ். பதினோராவது வருஷம் அடித்தளத்துக்கு வந்து சேர்ந்தாள். தண்ணீர் மோட்டார் அறைக்குப் பக்கத்தில் ஒரு மேசை. பதவியின் பெயர், வருகைத் தாள்களின் சட்டப் பாதுகாவலர். ஆணையம் தொடங்கின நாள் முதல் எவன் எங்கே எதற்குக் கையெழுத்துப் போட்டானோ, அத்தனையும் மூட்டை மூட்டையாக அங்கே கிடந்தது. மோட்டார் ஓட்டுகிற தெம்யோங் அவளுடைய பத்தொன்பது சான்றிதழையும் குழாய்களில் வரிசையாக மாட்டிக் கொடுத்தான். "கண்ணாடி போட்டிருக்கு அட்டர்னி, ஈரம் அண்டாது" என்றான்.

பினாலுவானில் சுனை குழாய்க்குள் போய்விட்டது. செவ்வாயும் வெள்ளியும் டேங்கர் லாரி வந்தது. ஒரு வீட்டுக்கு நாலு வாளி, ஒவ்வொரு வாளிக்கும் கையெழுத்து. அந்தக் கையெழுத்துகள் "பயனாளிகள் திருப்தி" என்ற கோப்பில் போய்ச் சேர்ந்தன. பசியாங்கின் வயல் வெடித்தது. கீரைப்பாத்தி காய்ந்தது. வயலில் கிடந்த புருசன் மணிலாவுக்குக் கல் சுமக்கப் போனான்.

ஒருநாள் ஊரே காலி வாளிகளோடு ஜீப்னி வண்டிகளில் ஏறி மாகாணத் தலைநகருக்கு வந்து ஆணையத்தின் வாசலில் நின்றது. காவலாளி மறித்தான்.

"உள்ள போய்க் கத்தணும்னா கையெழுத்துப் போட்டுட்டுக் கத்துங்க. வெளிய கத்துனா போலீசைக் கூப்பிடுவேன். விதி."

இருநூறு பேர் கையெழுத்துப் போட்டு உள்ளே போய்க் கத்தினார்கள். மறுநாள் ஆணையம் அறிக்கை விட்டது: "சுனைத் திட்டத்துக்கு மக்கள் ஆதரவு நானூற்றுப் பன்னிரண்டிலிருந்து அறுநூற்றுப் பன்னிரண்டாக உயர்ந்துள்ளது. பலர் வாளிகளோடு நேரில் வந்து உரத்த குரலில் வாழ்த்தினர்."

அந்த அறிக்கையைப் படித்த அன்றைக்கு எடித்தா அழவில்லை. சாப்பாட்டுப் பெட்டியைத் திறந்து, கோழியைத் தனியாக எடுத்து வைத்துவிட்டு, வெறும் சோற்றைத் தின்றாள். தின்றுகொண்டே யோசித்தாள். பதினோரு வருஷமாக இந்தக் கட்டடத்தோடு அவள் வாதாடியிருக்கிறாள். ஒரு நாளும் அது சொல்வதை ஒப்புக்கொண்டு பார்த்ததில்லை.

ஊர் வழக்குப் போட்டது. டைரக்டர் தெலோசா முதல்முறையாக அடித்தளத்துக்கு இறங்கி வந்தார். தலையை இடிக்காமல் குனிந்து வந்தார்.

"அட்டர்னி, இந்தக் கோப்பு உங்களுக்குத்தான் தலைகீழா தெரியும். நமக்காக நீங்கதான் கோர்ட்டுல நிக்கணும்."

அவர் மறுப்பை எதிர்பார்த்து மூச்சை இழுத்து வைத்திருந்தார்.

"நிக்கறேன் டைரக்டர். ஆனா வழக்கம்னு மட்டும் சொன்னா நீதிபதி ஒத்துக்க மாட்டார். கையில ஒரு உத்தரவு இருக்கணும். எழுதி வச்சிருக்கேன்."

ஒரு பக்கம்தான். ஆணையத்தின் எந்த நிகழ்ச்சியிலும் வருகைத் தாளில் கையெழுத்திடுபவர் யாராயினும், பின்னர் அத்தாளோடு இணைக்கப்படும் எந்தத் தீர்மானத்துக்கும் மீளமுடியாத முழுச் சம்மதம் தந்தவராவார். தீர்மானத்தை இணைப்பது தாள்களின் சட்டப் பாதுகாவலர் பொறுப்பு. டைரக்டர் இரண்டுமுறை படித்தார். கண் கலங்கிவிட்டது.

"பதினோரு வருசம். கடைசியில நீங்க நம்ம குடும்பத்துல ஒருத்தர் ஆயிட்டீங்க." கையெழுத்துப் போட்டார்.

கோர்ட்டில் எடித்தா பேசினது போல அந்த மாகாணத்தில் எந்த அரசு வக்கீலும் பேசினதில்லை. "கனம் நீதிபதி அவர்களே, படித்தவரோ படிக்காதவரோ, பெரியவரோ சிறியவரோ, கையெழுத்துப் போட்டவர் போட்டவர்தான். தலைப்பு எப்போது எழுதப்பட்டது என்பது கேள்வியே அல்ல." நீதிபதி அதை அப்படியே தீர்ப்பில் எடுத்து எழுதிக்கொண்டார். எல்லாரும் மரியாதைக்கு 'டான்' போட்டு அழைக்கும் கம்பெனி முதலாளி ஃபவுஸ்தினோ கெர்ரா எழுந்து கைதட்டினார்.

வெளியே படிக்கட்டில் பசியாங் நின்றாள். எடித்தாவின் காலுக்கு முன்னால் காறித் துப்பினாள்.

"அன்னிக்குக் கோழி குடுத்தீங்க அட்டர்னி. இன்னிக்கு எலும்பையும் பிடுங்கிட்டீங்க."

"பதினாறு நாள் பொறுங்க, ஆலிங்."

"எதுக்கு? செத்தவங்களுக்குக்கூட ஒன்பது நாள் ஜெபம்தான். நாங்க அதைவிடப் பெரிய பிணமா?"

எடித்தா படியிறங்கிப் போனாள். விஷயத்தைச் சொன்னால் பசியாங் நம்பவும் மாட்டாள். நம்பி ஊருக்குச் சொல்லிவிட்டால் அது இன்னும் மோசம்.

மேல்முறையீட்டுக்குப் பதினைந்து நாள் அவகாசம். ஊரிலிருந்து மூன்று பேர் மனு கொடுக்கப் போனார்கள். கோர்ட்டு வாசலில் வருகைப் பதிவேட்டை நீட்டினதும் பயந்துபோய் அடுத்த ஜீப்னியில் திரும்பிவிட்டார்கள். பதினைந்து நாள் முடிந்தது. தீர்ப்பு சிமெண்ட் மாதிரி இறுகிவிட்டது. இனி யாராலும் அதைக் கொத்த முடியாது.

பதினாறாம் நாள் ஆணையத்தின் வெள்ளிவிழா. பினாலுவானில், சுனைக்குப் பக்கத்தில் கம்பெனி கட்டின புதுத் தொழிற்சாலை முற்றத்தில். பன்னிரண்டு முழுப் பன்றிகள் கனலில் சுழன்றுகொண்டிருந்தன. அதிகாரிகள் குடும்பத்தோடு வந்தார்கள். வேலிக்கு அந்தப் பக்கம் ஊர்க்காரர்கள் வாளியோடு நின்றார்கள், அன்று வெள்ளிக்கிழமை.

ஆணையத்து ஆட்கள் ஜெபத்துக்குத் தாமதமாக வருவார்கள், கீதத்துக்கு வெளியே நிற்பார்கள், குலுக்கலை மட்டும் எவனும் தவறவிட மாட்டான். முதல் பரிசு மோட்டார் சைக்கிள். இரண்டாம் பரிசு துணி துவைக்கிற மெஷின். கையெழுத்துப் போட்டால்தான் குலுக்கல் சீட்டு. மேசையில் எடித்தா, நூல் கட்டின நீலப் பேனாவோடு.

"எம் மனைவிக்கும் ஒரு சீட்டு வேணும் அட்டர்னி" என்றார் டான் ஃபவுஸ்தினோ. "அவ கார்ல இருக்கா."

"அவங்களுக்கும் நீங்களே போட்டுடுங்க, டான்."

தாளின் மேல்பக்கம் வெறுமையாக இருந்தது. யாரும் கேட்கவில்லை. டைரக்டர் தெலோசா கையெழுத்துப் போட்டுவிட்டு மேடையேறினார்.

"தண்ணீர் உயிர்!" என்றார். கைதட்டினார்கள். "அப்பேர்ப்பட்ட உயிரை மண்ணில் ஓட விடலாமா? யார் வேண்டுமானாலும் குடித்துவிடுவார்களே! இன்றைக்கு அதற்கு ஒரு மூடி போட்டிருக்கிறோம். மக்களைக் கேட்டீர்களா என்கிறார்கள். ஐநூறு நாற்காலி போட்டோம், நானூற்றுப் பன்னிரண்டு நிறைந்தது. இதைவிட எப்படி ஐயா காது கொடுத்துக் கேட்பது? நம்மோடு உட்கார்ந்து சாப்பிட்டவன் நம் பேச்சைத் தட்ட மாட்டான். அதுதான் நம் பண்பாடு. அதனால்தான் எந்தத் திட்டத்திலும் முதலில் சாப்பாட்டை முடிவு செய்கிறோம்!"

வேலிக்கு அந்தப் பக்கம் ஒரு வாளி விழுந்து உருண்டது. மோட்டார் சைக்கிள் டைரக்டரின் மைத்துனனுக்கு விழுந்தது.

எடித்தா தாள்களிலிருந்த கையெழுத்துகளை எண்ணினாள். நானூற்றுப் பதிமூன்று. ஊரைவிட ஒன்று கூடுதல். தொழிற்சாலைச் சுவரோரம் உட்கார்ந்து பையிலிருந்த தீர்மானத்தை மேலே வைத்துக் குத்தினாள். மூன்றே வரி. கம்பெனி தன் நீர் உரிமையையும், கட்டின தொழிற்சாலையையும் பினாலுவான் தண்ணீர்க் கமிட்டிக்குத் திருப்பித் தருகிறது. ஆணையம் அதை ஏற்கிறது. இன்று முதல் ஆணையக் கட்டடத்துக்கும் அதை ஒட்டிய அதிகாரிகள் குடியிருப்புக்கும், இதுவரை பினாலுவானுக்குத் தந்த அதே அளவில், செவ்வாயும் வெள்ளியும் டேங்கரில் தண்ணீர் வரும், வீட்டுக்கு நாலு வாளி.

அவளே முத்திரை குத்தினாள். அவளே பதிவு செய்தாள். கட்டடத்துக்கும் குடியிருப்புக்கும் ஒரே மோட்டார்தான், அவள் மேசைக்குப் பக்கத்தில். தெம்யோங் உத்தரவைக் கையில் வாங்கிப் பார்த்தான்.

"சட்டப்படி சரியா அட்டர்னி?"

"கோர்ட்டே சொல்லியிருக்கு."

"அப்ப சரி." வால்வை இறுகத் திருகினான். இரண்டு முறை திருகி, மூன்றாவது முறை காலால் உதைத்தான்.

மூன்றாம் நாள் டைரக்டர் அடித்தளத்துக்கு வந்தார். தாடி மழிக்காத முகம். பின்னால் டான் ஃபவுஸ்தினோ. எடித்தா தலையைத் தூக்காமல் பார்வையாளர் பதிவேட்டைத் தள்ளி வைத்தாள். டைரக்டர் பாம்பைக் கண்ட மாதிரிக் கையை இழுத்துக்கொண்டார்.

"கையெழுத்தெல்லாம் போட மாட்டேன்! என்னடி பண்ணி வச்சிருக்க? என் வீட்டுல மூணு நாளா கக்கூஸ் போக வழியில்ல!"

எடித்தா காதைச் சாய்த்தாள்.

"தெம்யோங், ஏதோ சத்தம் கேக்குது. மோட்டாரா?"

"மோட்டார் நின்னு மூணு நாள் ஆச்சு அட்டர்னி."

"அப்ப ஏசியா இருக்கும்."

"இங்க ஏசியே கிடையாது."

"அப்ப ஒண்ணுமில்ல."

கால் மணி நேரம் அந்த ஒன்றுமில்லாதது கத்தியது. கடைசியில் பேனாவை எடுத்தது. இரண்டு பேரும் கையெழுத்துப் போட்டதும் எடித்தா எழுந்து நின்றாள்.

"வாங்க டைரக்டர். வாங்க டான். எப்ப வந்தீங்க?"

"கோர்ட்டுக்குப் போவோம்!" என்றார் டான் ஃபவுஸ்தினோ.

"போங்க டான். போய், வருகைத் தாள் சம்மதம் இல்லன்னு சொல்லுங்க. ஜெயிச்சீங்கன்னா பினாலுவானோட நானூத்திப் பன்னெண்டும் செல்லாது. சுனை அவங்களுக்கு. தோத்தீங்கன்னா உங்க நானூத்திப் பதிமூணும் செல்லும். அப்பவும் சுனை அவங்களுக்கு."

டைரக்டர் வாயைத் திறந்தார்.

"இது நியாயமா அட்டர்னி?" என்று கேட்டார், குரல் இறங்கி. "எங்ககிட்ட ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே."

"வந்தீங்களா?"

அவர் டானைத் திரும்பிப் பார்த்தார்.

"சாப்பிட்டீங்களா? பன்றியைத் துப்புனீங்களா?"

தெம்யோங் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டான், தோள் குலுங்கியது. எடித்தா மேசை இழுப்பறையிலிருந்து சட்டம் போட்ட ஒரு பாராட்டுச் சான்றிதழை எடுத்து டைரக்டர் கையில் கொடுத்தாள். அவர் பழக்க தோஷத்தில் அதை நெஞ்சுக்கு நேராகப் பிடித்துக்கொண்டு, படம் எடுக்க ஆள் இருக்கிறதா என்று பார்த்தார்.

அடுத்த செவ்வாய்க்கிழமை குடியிருப்பு வாசலில் டேங்கர் வந்து நின்றது. பினாலுவான் தண்ணீர்க் கமிட்டியின் லாரி. சுனைக் குழாயை ஊர்க்காரர்கள் திறந்துவிட்டு நாலு நாளாகியிருந்தது. லாரியிலிருந்து இறங்கின பசியாங்கின் கணுக்காலில் பழையபடி சேறு இருந்தது, ஈரச் சேறு. எடித்தா வேலையை விட்டுவிட்டு வந்து லாரி நிழலில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருந்தாள். பசியாங் அவளோடு இன்னும் சரியாகப் பேசவில்லை. ஆனால் வந்ததும் ஒரு சாப்பாட்டுப் பெட்டியை அவள் மடியில் வைத்துவிட்டுப் போனாள். கோழிதான்.

வரிசை நீளமாக இருந்தது. துணை டைரக்டர்கள், ஆலோசகர்கள், மோட்டார் சைக்கிள் விழுந்த மைத்துனன், எல்லார் கையிலும் வாளி. டைரக்டர் தெலோசாவின் முறை வந்தது. பசியாங் தாளையும் நூல் கட்டின பேனாவையும் நீட்டினாள்.

"இது எதுக்கு?" என்றார்.

"சும்மா வருகைக்குத்தான் சார்."

அவர் தாளைப் பார்த்தார். பின்பக்கம் திருப்பிப் பார்த்தார். வெயிலுக்கு நேராகத் தூக்கியும் பார்த்தார். பின்னால் நின்றவர்கள் வாளியைத் தட்டத் தொடங்கினார்கள்.

"மேல ஒண்ணும் எழுதலியே?"

பசியாங் லாரி நிழல் பக்கம் திரும்பினாள்.

"அட்டர்னி, தலைப்பு என்னன்னு கேக்காரு."

எடித்தா கோழித்தொடையைக் கடித்து, மென்று, நிதானமாக விழுங்கினாள்.

"இன்னும் யோசிக்கல ஆலிங். முதல்ல போடச் சொல்லுங்க."